பெருந்தட்டணு

ஒருத்தருக்கும் கண்ணால் பார்க்கத் தோன்றவில்லை. நடந்த தப்பு அதுதான். மெஷின் எண்ணியது. மெஷின் சொன்னதை டாக்டர் நம்பினார், டாக்டர் சொன்னதை அடைக்கலம் நம்பினார், அப்பன் நம்பியதை மகள் தண்ணீர் ஊற்றி விழுங்கினாள், ஒன்றரை வருஷமாக, தினம் காலையில். தப்பு என்றுகூட இன்னும் முடிவாகவில்லை என்கிறார்கள். முடிவாகும்வரை உட்காருங்கள் என்று திருச்சியில் அந்தப் பெரிய ஆஸ்பத்திரியின் லேப் வாசலில் இரும்பு நாற்காலியைக் காட்டிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார்கள். உட்காருவது அடைக்கலத்துக்கு ஆகாத வேலை. எழுபது தாண்டியும் நிற்கத்தான் பிடிக்கும். கீரனூர்ப் பக்கம் ஜல்லி உடைக்கிற கிரஷரில் போர்மேனாக இருந்த காலமெல்லாம் நின்றே கழித்தவர். உட்கார்ந்தவனைக் கண்டால் திட்டிப் பழக்கம். இப்போது உட்கார்ந்திருக்கிறார். இடது முழங்கையின் உள்மடிப்பில் பஞ்சு வைத்து பிளாஸ்திரி ஒட்டியிருந்தது. ஒரு ஓரத்தைத் தூக்கிப் பார்த்தார். சிவப்பாக ஒரு புள்ளி. நின்றுவிட்டதா, கசிகிறதா? நிற்க வேண்டும் என்று நினைப்பதா, நிற்கக் கூடாது என்று நினைப்பதா? எதை வேண்டிக்கொள்வது என்றே தெரியாமல் ஒரு மனுஷன் எவ்வளவு நேரம் உட்கார்ந்திருப்பான்?

"பஞ்சை எடுக்காதப்பா."

பக்கத்து நாற்காலியில் மகள். வாசுகி.

"சும்மா பாத்தேன்."

"நீ பாத்துப் பாத்துத்தான் அது நிக்க மாட்டேங்குது."

ஒட்டினார். அழுத்தினார். அவள் முகத்தைப் பார்க்கவில்லை. பார்த்தால் கோபம் வரும். அது அவள் முகமே இல்லை. மாத்திரை ஊதவைத்த முகம், கன்னம் இரண்டும் பிதுங்கி, கண் உள்ளே போய், தாடையில் பூனைமயிர் வேறு. ஒல்லிக்குச்சியாக, கரும்பு மாதிரி விறைப்பாக நின்ற பிள்ளை. பெண்கள் பள்ளிக்கூடத்தில் விளையாட்டு டீச்சர். கபடியில் ரெய்டு போனால் நாலு பேர் சேர்ந்து அமுக்கினாலும் கோட்டைத் தொட்டுவிடுவாள். ஒரு மழைக்காலத்தில் காய்ச்சல் என்று படுத்தாள், ரத்தம் எடுத்தார்கள், தட்டணு இருபத்தெட்டாயிரம். ஒன்றரை லட்சமாவது இருக்க வேண்டுமாம். தட்டணு என்றால் என்ன என்று அன்றைக்குத்தான் கேட்டார். ரத்தத்தை உறையவைக்கிற அணு. குறைந்தால் அடிபட்ட இடம் நிற்காது, அடிபடாமலேயே மூளைக்குள் கசியும் என்றார்கள். மூளைக்குள். அந்த ஒரு சொல் போதாதா. டெங்கு என்று தெருவே சொன்னது. பப்பாளி இலையை அவரே இடித்து, அவரே பிழிந்து, மூக்கைப் பிடித்து ஊற்றினார். அவள் வாந்தி எடுத்தாள், மறுபடி ஊற்றினார். காய்ச்சல் போனது. எண்ணிக்கை ஏறவில்லை. அப்புறம் டெங்கு இல்லை என்றார்கள். உடம்பு தன் தட்டணுவைத் தானே தின்கிறது என்றார்கள். தின்கிற இடம் மண்ணீரல். மாத்திரை கொடுத்தால் தின்பதை நிறுத்தும். நிறுத்தவில்லை. இருபத்தாறு, முப்பத்தொன்று, இருபத்தேழு. மாத்திரையைக் கூட்டினார்கள். முகம்தான் ஏறியது. ஹெட்மிஸ்ட்ரஸ் அம்மா விசிலை வாங்கி வைத்துக்கொண்டு, வாசுகியை நூலகத்தில் உட்காரவைத்தாள். மைதானத்தில் விழுந்து வைத்தால் யார் பதில் சொல்வது? அதுவும் நியாயம். எல்லாம் நியாயமாகத்தான் நடந்தது. இப்போது மாத்திரை கேட்கவில்லை, மண்ணீரலையே எடுத்துவிடலாம் என்று இங்கே அனுப்பினார்கள். இங்கேயும் பெரிய டாக்டர் பழைய காகிதங்களைப் புரட்டினார், சரி என்றார். மண்ணீரல் போனால் கிருமி ஏறுமாம், அதற்கு முன்னாலேயே தடுப்பூசி போட்டாகிவிட்டது. வருகிற திங்கட்கிழமை வயிற்றில் ஓட்டை போடப்போகிறார்கள். ஆட்டு மண்ணீரலைப் பார்த்திருக்கிறார். கறிக்கடையில் சுவரொட்டி என்று தருவான், ரத்தம் ஊறும் என்று வாங்கி வந்து வாட்டிக் கொடுத்ததும் உண்டு. அதையே இவளுக்குத்தான் கொடுத்தார். ச்சே. என்ன நினைப்பு இது. கை மறுபடி பஞ்சுக்குப் போயிற்று. அடக்கிக்கொண்டார்.

நேற்று வரைக்கும் திங்கட்கிழமை என்பது முடிந்த விஷயம். நேற்று சாயங்காலம்தான் ஆபரேஷனுக்கு முன்னால் எடுத்த ரத்தத்தில் ஏதோ கேட்க வேண்டும் என்று லேப்புக்குக் கூப்பிட்டார்கள். உள்ளே ஒரு சின்ன உருவம், தலையில் துப்பட்டா, அதற்கு மேல் தூக்கிவிட்ட கண்ணாடி. படிக்கிற பெண் என்றுதான் நினைத்தார். "எங்கம்மா டாக்டரு?" என்று கேட்டார். "நான்தான்யா" என்றாள். என்றார். டாக்டர் என்று தெரிந்தபிறகு என்றார்தான். அந்த லேப் அம்மா அப்பனைக் கண்டுகொள்ளாமல் மகளிடம் திரும்பினார். நீங்க என்ன வேலை? விளையாட்டு டீச்சர். என்ன ஆடுவீங்க? கபடி. விழுந்திருக்கீங்களா? "கபடில விழாம எப்படி டாக்டர்? முட்டி பூரா தழும்புதான், காட்டட்டா?" ரத்தம் நிக்க நேரமாகுமா? "மண்ணைத் தட்டிட்டு அடுத்த ரெய்டு போயிருவேன்." அந்த அம்மா கண்ணாடியை இறக்கிப் போட்டுக்கொண்டு, "இருபத்தெட்டாயிரத்தை வெச்சுக்கிட்டா?" என்றார். அந்தக் கேள்வி. ஒன்றரை வருஷத்தில் ஒருத்தன் கேட்கவில்லை. அடைக்கலமும் கேட்கவில்லை. வீட்டில் கூடவே இருந்து தழும்புகளைப் பார்த்த மனுஷன். அவருக்கே தோன்றவில்லை. அப்புறம் அந்த அம்மா சொன்னார், மெஷினுக்குக் கண் கிடையாது, அளவை வைத்துத்தான் எண்ணும், சின்னது என்றால் தட்டணு, பெரிசு என்றால் சிவப்பணு, உங்கள் மகளின் தட்டணு சிவப்பணு அளவுக்குப் பெரிசாக இருக்கிறது, அதனால் மெஷின் அதையெல்லாம் அந்தக் கணக்கில் தள்ளிவிடுகிறது, நான் கண்ணாடிச் சில்லில் ரத்தத்தைத் தேய்த்துக் கண்ணால் பார்த்தேன், குறைச்சல்தான், ஆனால் இவ்வளவு குறைச்சல் இல்லை. சல்லடை என்று அடைக்கலத்துக்கு உடனே பட்டது. முக்கால் இஞ்சு சல்லடையில் ஒன்றரை இஞ்சு ஜல்லி இறங்காது. இறங்கியதை மட்டும் எண்ணினால் மலையே குறைச்சல் என்றுதான் வரும். பட்ட நிமிஷமே இன்னொன்றும் பட்டது: சல்லடையில் மேலே தங்கிய கல் சும்மா தங்காது. அது சுற்றி மறுபடி கிரஷர் வாய்க்குள்தான் போகும். உடைத்த பிறகுதான் விடுவார்கள். அவரே விடமாட்டார்.

"இதுக்குப் பேர் என்னம்மா?"

"மெகாத்ராம்போசைட். ஜெயன்ட் பிளேட்லெட்னும் சொல்லுவோம்."

"அப்படின்னா?"

"பெரிய தட்டணு. அவ்வளவுதான் அர்த்தம்."

அவ்வளவுதான் அர்த்தமாம். அந்த அர்த்தத்தை வைத்துக்கொண்டு அரை நாள் சந்தோஷமாக இருக்க விடவில்லை. பெரிய டாக்டர் வந்தார். கையைக் கட்டிக்கொண்டு கேட்டார். அவர் கெட்டவர் இல்லை. அவசரக்காரர், அந்த விஷயத்தில் அடைக்கலத்தின் சாதி. "இந்த வார்த்தையை நாங்க, உடம்பே தட்டணுவைத் தின்னுற இந்த வியாதியிலயும்தான் எழுதுவோம். தட்டணு அழிய அழிய மஜ்ஜை அவசர அவசரமா பிஞ்சுத் தட்டணுவை வெளிய தள்ளும், அதுவும் பெரிசாத்தான் இருக்கும். பெரிசுங்கிற ஒரு வார்த்தைக்காக ஆபரேஷனை நிறுத்த முடியுமா?" என்றார். லேப் அம்மா விடவில்லை. "அதுல பத்துல ஒண்ணு பெரிசா இருக்கும் சார். இங்க பெரும்பாலும் பெரிசு. இது குடும்பத்துல வர்றது மாதிரி இருக்கு. அப்பா அம்மா ரத்தத்தைப் பாத்துடலாம்." அம்மா இல்லை என்றாள் வாசுகி. அப்போதுதான் மூன்று பேரும் அவரைத் திரும்பிப் பார்த்தார்கள். வேட்டியைச் சரிசெய்துகொண்டார். பிறந்ததிலிருந்து ஊசி குத்திச் சொட்டு ரத்தம் கொடுத்ததில்லை, கம்பெனியில் முகாம் போட்டபோதுகூட கல்லுடைக்கிறவன் ரத்தத்தில் கல்லுதான் இருக்கும் போடா என்று விரட்டியவர். "அவருக்கும் இருந்தா பரம்பரை. ஆபரேஷன் வேண்டாம். இல்லேன்னா..." என்று பெரிய டாக்டர் நிறுத்தினார். இல்லையென்றால் என்ன? அதைச் சொல்லிவிட்டுப் போக வேண்டியதுதானே. ஒரே வார்த்தை. மருந்துக்கும் அதே வார்த்தை, மருந்து வேண்டாததற்கும் அதே வார்த்தை. இப்படி ஒரு வார்த்தையை எதற்கு வைத்திருக்கிறார்கள்? கிரஷரில் ஒன்றரை என்றால் ஒன்றரை. தூண் போடுகிறவனுக்கு ஒன்று, ரோடு போடுகிறவனுக்கு ஒன்று என்று அர்த்தம் மாறாது. மாறினால் லாரிக்காரன் அடிக்க வருவான்.

ஆக இப்போது அவருக்கும் அது இருக்க வேண்டும். தனக்குக் கோளாறு இருக்கட்டும் என்று நேர்ந்துகொள்கிறவன் உண்டா? அவர் கொடுத்ததுதான் என்று ஆக வேண்டும். பிள்ளைக்குக் கேடு கொடுத்தவன் நீதான் என்று அந்த அம்மா வெளியே வந்து சொல்ல வேண்டும், அதைக் கேட்டு அவர் சிரிக்க வேண்டும். இருக்கும். இருக்கத்தான் செய்யும். எப்போதாவது ரத்தம் நிற்காமல் போயிருக்கிறதா? இடது கை மோதிரவிரலைப் பார்த்தார். நுனி கிடையாது. கன்வேயர் பெல்ட் கடித்துக்கொண்டு போனது. எவ்வளவு ரத்தம் அன்றைக்கு? துண்டைச் சுற்றிக்கொண்டு டிராக்டரில் போனார், துண்டு நனைந்தது, இரண்டாவது துண்டும் நனைந்ததா? நனைந்தது என்று வைத்துக்கொண்டால் நல்லது. நனையவில்லையே. கம்பவுண்டர் தைத்துவிட்டான், மறுநாள் வேலைக்கு வந்துவிட்டார், அதைத்தான் ஊரெல்லாம் பெருமையாகச் சொல்லித் திரிந்தார். பல் பிடுங்கியபோது? பஞ்சை வைத்துக் கடித்துக்கொண்டே பல் டாக்டரோடு சண்டை போட்டார், அதுதான் நினைவிருக்கிறது, ரத்தம் நினைவில்லை. சவரத்தில் வெட்டினால் படிகாரம் தேய்ப்பார். தேய்த்தால் நிற்கும். எல்லோருக்கும்தான் நிற்கும். வாசுகிக்கும்தான் நின்றது, முட்டியில் மண்ணைத் தட்டிவிட்டு ஓடினாளே. நின்றதனால்தான் சந்தேகமே வந்தது. அப்படியென்றால் தனக்கு நின்றதும் நல்ல சகுனமா? இப்படியும் போகிறது, அப்படியும் போகிறது. இன்னொன்றும் அந்த அம்மா கேட்டிருந்தார், ஊசி குத்தும்போது: உங்க குடும்பத்துல யாருக்காவது சின்ன வயசுலயே காது மந்தமா? கண்ணுல புரை? கிட்னிக் கோளாறு? சில குடும்பத்துல இதோட சேந்து வரும். அப்பாவுக்குக் காது கேட்காது. கேட்கவே கேட்காது. பாறைக்கு வெடி வைக்கிறவர், திரியைப் பற்றவைத்துவிட்டு ஓடுகிறவர், வெடிச்சத்தத்தில் போன காது என்று ஊரே சொன்னது. வெடியா, ரத்தமா? கூட வெடி வைத்த ராமன் சாகிற வரைக்கும் கொசு பறப்பதைக்கூடக் கேட்டானே. தனக்கும் வலது காது மந்தம்தான். கிரஷர் சத்தம் என்று சொல்லிக்கொண்டிருந்தார். கிரஷர்தானா? இத்தனை வருஷம் அந்த மெஷினைத் திட்டியதெல்லாம் வீண்தானா? அப்படியானால் வாசுகிக்கும் காது போகுமா? விசில் ஊதுகிறவளுக்கு விசில் சத்தமே கேட்காமல்? அடே, ஒன்று கேட்டால் ஒன்பது கூட வருகிறதே.

லேப் கதவு திறந்தது. எழுந்துவிட்டார். ரத்தம் எடுத்த பையன் இல்லை, வேறொரு நர்ஸ்; கையில் தட்டு.

"என்னம்மா ஆச்சு?"

"பெரியவரே, சாயம் போட்டிருக்காங்க. காஞ்சாத்தான் பாக்க முடியும்."

"ஃபேனைப் போட்டுக் காயவைக்கிறது."

"அது என்ன வடகமா?" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். வாசுகி சிரித்தாள். ஊதின முகத்தில் சிரிப்பு சரியாக விரியக்கூட இடமில்லை.

"உனக்கு என்ன சிரிப்பு?"

"பின்ன அழவா? எடுத்தா எடுத்துட்டுப் போகட்டும்ப்பா. இந்த மாத்திரைக்கு அது தேவலாம். ராத்திரி பூரா தூக்கம் இல்ல, விடிஞ்சா பசி. நேத்து நர்ஸோட டிபன் பாக்ஸையே வெறிச்சுப் பாத்துக்கிட்டு இருந்தேன்."

"வாயை மூடு."

"பசிக்குதுன்னா வாயை எப்படி மூடுறது?"

கேண்டீனுக்குப் போய் இரண்டு பன் வாங்கி வந்தார். போகும்போது ஒருமுறை, வரும்போது ஒருமுறை பஞ்சைத் தூக்கிப் பார்த்தார். புள்ளி கறுத்திருந்தது. நின்றுவிட்டது. சனியன், நின்றுவிட்டது. அவள் பன்னைத் தின்கிற வேகத்தைப் பார்க்க முடியாமல் சுவரைப் பார்த்தார். சுவரில் பொன்னழகு தெரிந்தாள். செத்து நாலு வருஷம் ஆன பெண்டாட்டி. சுவரில் ஏன் தெரிகிறாள் என்றால் அவள் கை. அவள் கையில் எப்போதும் ஊதாவாக ஒரு கன்றல் இருக்கும். என்னடி இது என்றால் வாளி இடிச்சிருச்சு என்பாள், கதவு இடிச்சிருச்சு என்பாள். எல்லா வீட்டிலும் வாளி இருக்கிறது, கதவு இருக்கிறது. மற்றவளுக்கெல்லாம் கன்றினதா? அவர் கேட்டது ஒருதரமோ இரண்டுதரமோ. அதற்குமேல் கேட்க நேரம் ஏது. அவளுக்குத்தான் இருந்திருக்கிறது. அப்படித்தான் இருக்கும். அவளோடு போய்விட்டது. மாரடைப்பில் கண் மூடினவளை யார் போய் ரத்தம் பார்க்க? எரித்தாகிவிட்டது. சாம்பலில் தட்டணு தெரியுமா? தன் ரத்தம் சுத்தமாக இருந்துவிட்டால், கல்லு மாதிரி சுத்தமாக இருந்துவிட்டால், திங்கட்கிழமை. அம்மா பக்கத்துச் சொந்தம் யாராவது இருந்தாலும் பார்க்கலாம் என்று அந்த லேப் அம்மா நேற்று வாசலில் சொன்னதை அவர் காதில் வாங்காத மாதிரி நின்றார். மந்தமான காது இருப்பது இதற்கெல்லாம் வசதி. அம்மா பக்கம் ஒரே ஒருத்தன்தான். பொன்னழகின் தம்பி வெள்ளைச்சாமி, விராலிமலையில் டயர் கடை. பேச்சு கிடையாது. பொன்னழகு கிடந்த அன்றைக்குப் பிறந்த வீட்டுக் கோடி போர்த்த வேண்டும், அவன் சேலை எடுத்துக்கொண்டு வருகிறான், பஸ் எங்கோ நின்றுவிட்டது என்று போன் வந்தது. வெயில் ஏறியது. காத்திருக்கலாம் என்று எல்லோரும் சொன்னார்கள். தூக்குங்கடா என்றார் அடைக்கலம். காத்திருப்பது அவருக்கு ஆகாத வேலை. அவன் வந்தபோது தீ ஏறிவிட்டது. கோடிச் சேலையைக் கையில் வைத்துக்கொண்டு சுடுகாட்டில் நின்றான், பார்த்தான், திரும்பிப் போய்விட்டான். சேலை என்ன நிறம்? பச்சையா? அவனிடம் போய் இப்போது ரத்தம் கேட்பதா? முதலில் ரிசல்ட் வரட்டும். வந்து இல்லையென்றால் கேட்கலாம். இல்லையென்றால் அதற்குள் சனி, ஞாயிறு. ஞாயிற்றுக்கிழமை லேப்பில் யார் இருப்பார்கள்? அந்த அம்மா இருப்பாரா? வேறு யாராவது இருந்து மெஷினைக் கேட்டுவிட்டு உட்கார்ந்திருந்தால்? போனை எடுத்தார். வைத்தார். மறுபடி எடுத்துக்கொண்டு படிக்கட்டுப் பக்கம் போனார். மணி அடித்தது. எடுக்கமாட்டான். எடுக்காவிட்டால் நல்லது. எடுத்துவிட்டான்.

"யாரு?"

"நான்தான்."

அந்தப் பக்கம் காற்றடிக்கிற மெஷின் சத்தம். அது நின்றது.

"என்ன வேணும் மச்சான்?"

"ரத்தம் வேணும்."

"யாருக்கு?"

"வாசுகிக்கு. ஏத்துறதுக்கு இல்ல, பாக்குறதுக்கு. என்னோடதுல ஒண்ணும் இல்லேன்னா உன்னோடதப் பாக்கணுமாம். பாக்கலேன்னா திங்கக்கிழமை அறுத்துருவாங்க. உங்க அக்கா இருந்திருந்தா உன்னை எதுக்குக் கேக்கப்போறேன்."

"ரத்தம் கேக்கயிலயும் இந்த அதட்டல்தானா?"

படிக்கட்டில் ஒரு கிழவரைத் தூக்கு நாற்காலியில் இறக்கிக்கொண்டிருந்தார்கள், சுவரோடு ஒட்டி நின்றார்.

"எந்த ஆஸ்பத்திரி?"

சொன்னார்.

"நான் வர்ற வரைக்காவது பொறுப்பீங்களா? இல்ல, அதுக்குள்ள தூக்கிருவீங்களா?"

"பொறுக்கிறேன்" என்றார். போன் வைத்தாகிவிட்டது. அவன் கேட்டானா, அதற்கு முன்பே வைத்துவிட்டானா தெரியவில்லை. வலது காதில் வைத்துப் பேசியிருக்கிறார், புத்திகெட்ட மனுஷன். திரும்பி வந்து உட்கார்ந்தார். பொறுக்கிறேன் என்று சொன்ன வாய், சொல்லிவிட்டதே. வாசுகி பன்னைத் தின்று முடித்துவிட்டு அவர் தோளில் சாய்ந்திருந்தாள். கனத்தாள். இவ்வளவு கனம் அவளுக்கு எப்போதும் கிடையாது, மாத்திரையின் கனம். சின்னப் பிள்ளையில் தூக்கியபோது காற்றைத் தூக்கின மாதிரி இருக்கும். அப்போதே அவள் ரத்தத்தில் அது ஓடிக்கொண்டிருந்ததா, பெரிசு பெரிசாக, யாருக்கும் தெரியாமல், யாருக்கும் கெடுதல் செய்யாமல்? தனக்குள்ளும் ஓடிக்கொண்டிருக்கிறதா, இந்த நிமிஷம், இந்தக் கைக்குள்? கையைப் பார்த்தார். நரம்பு புடைத்த, வெயில் தின்ற கை. ஒன்றும் சொல்லாது. எழுபது வருஷம் தூக்கிச் சுமந்த உடம்பு, உள்ளே என்ன இருக்கிறது என்று அதன் சொந்தக்காரனுக்கே தெரியாது, அடுத்த வீட்டுக்காரன் மாதிரி வெளியே உட்கார்ந்து காத்திருக்க வேண்டியிருக்கிறது. இரு, இரு, ஏதாவது இரு. கோளாறாகவே இரு. மெகா... என்னவோ சொன்னாரே. மெகாத்ராம்... நாக்கில் நிற்கவில்லை. அதுகூட நிற்கமாட்டேன் என்கிறது. இல்லையென்று வந்துவிட்டால் இவள் முகத்தை எப்படிப் பார்ப்பது? பச்சைச் சட்டை போட்டு, தள்ளுவண்டியில் படுக்கவைத்து, அந்தக் கதவுக்குள்ளே தள்ளிக்கொண்டு போவார்கள், வெளியே இதே மாதிரி ஒரு இரும்பு நாற்காலி போட்டிருப்பார்கள். அங்கே கைவசம் பஞ்சுகூட இருக்காது தூக்கிப் பார்ப்பதற்கு. உள்ளே நன்றாக இருக்கிற ஒரு சாமானைக் கழற்றி எடுத்துத் தட்டில் வைப்பார்கள். வேலை செய்துகொண்டிருக்கிற மெஷினில் போல்ட்டைக் கழற்றுகிறவனை அவர் கன்னத்தில் அறைந்திருக்கிறார். இங்கே யாரை அறைவது? எல்லோரும் நல்லவர்கள். எல்லோரும் படித்ததைச் செய்கிறார்கள்.

"ஐயா, உள்ள வாங்க."

அந்த அம்மாதான். கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. டாக்டர்களுக்கு இதையும் சொல்லிக்கொடுப்பார்கள்போல. வாசுகி தோளை விட்டு எழுந்தாள். அடைக்கலத்துக்கு எழ வரவில்லை, கால் மரத்துவிட்டது. நாற்காலியைத் தட்டி எழுந்து உள்ளே போனார். மருந்து நெடி. மேஜையில் மைக்ராஸ்கோப். இதில் பாருங்கள் என்று ஸ்டூலைக் காட்டினார். குனிந்தார். கறுப்பாகக் கோடு கோடாகத் தெரிந்தது.

"ஒண்ணும் தெரியலையே. குச்சி குச்சியா இருக்கு."

"அது உங்க கண்ணிமை மயிர்ங்கய்யா. இன்னும் கொஞ்சம் தள்ளி வெச்சுப் பாருங்க."

வெளிச்சம் வந்தது.

"இளஞ்சிவப்பா வட்டம் வட்டமா தெரியுதா? அது சிவப்பணு. அந்த வட்டங்களுக்கு இடையில ஊதாவா, மணலைத் தூவின மாதிரி?"

"இருக்கு. வட்டத்து அளவுக்கே இருக்கு."

"அதுதான் தட்டணு. சாதாரணமா அந்த வட்டத்துல கால்வாசிகூட இருக்காது."

"அங்கயும் ஒண்ணு. இந்தா, இங்கயும்." விரலால் தொட்டுக் காட்டப்போய் மேஜையில் இடித்துக்கொண்டார். "பாவம், எல்லாமே பெரிசு. இது வாசுகியோடதா?"

"உங்களோடதுய்யா."

கண்ணை எடுக்கவில்லை. எடுத்தால் மாறிவிடும்போல இருந்தது. ஊதா ஊதாவாக, அலட்சியமாக, யார் எண்ணினால் என்ன என்கிற மாதிரி அவை கிடந்தன. முரட்டுச் சாமான்கள். செருமினார்.

"நல்லாப் பாத்தீங்களா?"

"ரெண்டு சில்லுலயும் பாத்தேன். மெஷின் உங்களுக்கு நாப்பதாயிரம்னு சொல்லுது. கண்ணால எண்ணினா லட்சத்துக்குக் கிட்ட வருது. உங்க மகளுக்கும் அதேதான். இதோட நீங்க எழுபது வயசு வரைக்கும் கல்லுடைச்சிருக்கீங்க."

"நான் உடைக்கல. உடைக்கிறவனை மேச்சேன்."

அந்த அம்மா பெரிய டாக்டருக்குப் போன் போட்டார். அவர்கள் எதிரிலேயே. ஆமாம் சார், அப்பாவுக்கும். ஆமாம், நீங்களும் வந்து பாருங்க. சரி சார். வைத்துவிட்டுச் சொன்னார், திங்கட்கிழமை ஆபரேஷன் இல்லை, சார் இப்போது வந்து அவர் கண்ணாலும் பார்ப்பார், மாத்திரையை ஒரேயடியாக நிறுத்தக் கூடாது, கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்க வேண்டும், இரண்டு பேரும் வருஷத்துக்கு ஒருதரம் காதையும் கிட்னியையும் பார்த்துக்கொள்ள வேண்டும். வாசுகி அழுவாள் என்று நினைத்தார். அவள் கேட்டது வேறு.

"கபடி ஆடலாமா டாக்டர்?"

"மாத்திரை முடியட்டும். அப்புறம் தலையில மட்டும் அடிபடாம ஆடுங்க."

"தலையில அடிபடாம கபடியா?" என்று வாசுகி இழுத்தாள். பிறகு அப்பன் பக்கம் திரும்பி, "மாமா பஸ் ஏறியிருப்பாரு. வர வேண்டாம்னு சொல்லிரட்டுமா?" என்றாள். போனில் பேசியதைக் கேட்டிருக்கிறாள், கள்ளி.

"வரட்டும்."

"இன்னொண்ணுங்கய்யா," என்றார் அந்த அம்மா. "இதுதான் முக்கியம். நாளைக்கு இவங்களுக்குக் காய்ச்சல் வரலாம், கல்யாணம் ஆகிப் பிரசவம் வரலாம். எந்த ஆஸ்பத்திரியிலயும் மெஷின் பழையபடி குறைச்சல்னுதான் சொல்லும். எல்லாரும் பதறுவாங்க. அப்ப நீங்க பதறக் கூடாது. பரம்பரையா வர்ற மெகாத்ராம்போசைட், கண்ணால எண்ணுங்கன்னு சொல்லணும். பரம்பரைன்னு சேத்துச் சொல்லணும். வெறும் பேரை மட்டும் சொன்னா பழைய கதைதான்."

"மெகாத்ராம்பு..."

"த்ராம்போசைட்."

"மெகாத்ராம்போ... சைட்டு. பரம்பரை." இரண்டுதரம் சொல்லிப் பார்த்தார். இரண்டுதரமும் இடறியது. எரிச்சல் வந்தது. எந்த டாக்டரிடம் போய் அவர் இந்த வார்த்தையைச் சொல்லுவது, எந்த டாக்டர் வேட்டி கட்டின கிழவன் சொல்லிக் கேட்பான்? வாசுகி சொன்னாலும்தான் கேட்பானா? ஒன்றரை வருஷம் ஒருத்தன் கேட்டானா?

"நான் சொன்னா நம்பமாட்டான்மா. உனக்கு யார் சொன்னாங்கம்பான். என்ன சொல்லட்டும்?"

"நான் பாத்துச் சொன்னேன்னு சொல்லுங்க."

"நான்னா யாருன்னு கேப்பான்."

அந்த அம்மா கண்ணாடியைத் தலைக்குமேல் தூக்கிவிட்டுக்கொண்டு சிரித்தார். பேரைச் சொன்னார். அடைக்கலம் நல்ல காதைத் திருப்பி, இன்னொருதரம் சொல்லச் சொல்லிக் கேட்டுக்கொண்டார். வெளியே வந்து, வாசுகியின் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கும்போது வாய்க்குள் சொல்லிப் பார்த்தார். வியாதியின் பேரைவிட இது நீளம். ஆனாலும் இடறாமல் வந்தது: டாக்டர் ரஹ்மத்துன்னிஸா.